கடன்பட்டவன் குற்றவாளியா?

கடன் கொடுத்தவனுக்குப் பத்திரம் உண்டு, பதிவேடு உண்டு, பக்கத்துணை நிற்கச் சட்டமும் உண்டு. கடன்பட்டவனுக்கு என்ன உண்டு? "எல்லாம் தலையெழுத்து" என்ற பெருமூச்சுதான்! அந்தப் பெருமூச்சை ஒதுக்கிவிட்டு வரலாற்றைப் புரட்டுவோம், தோழர்களே! கடனாளியின் கண்ணீர் தலையெழுத்தால் வந்ததன்று. மனிதர் எழுதிய சட்டத்தால் வந்தது. மனிதர் எழுதியதை மனிதர் திருத்தவும் முடியும்.

மனுநூலின் எட்டாம் அத்தியாயத்தைப் பாருங்கள். மாத வட்டி நூற்றுக்கு இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து என வருண வரிசைப்படி ஏறுகிறது! பார்ப்பனருக்கு இரண்டு, சூத்திரருக்கு ஐந்து. கொடுக்க இயலாத கீழ்வருணத்தான் உடலுழைத்துத் தீர்க்க வேண்டும்; மேல்வருணத்தானோ மெல்ல மெல்லக் கொடுத்தால் போதும். வட்டிக்கும் வருணம் வகுத்த வன்னெஞ்சத்தை என்னென்பது!

வெள்ளையர் ஆட்சியிலும் சிறைக்கதவு மூடப்படவில்லை. தீர்ப்புக்குப் பின்னும் கடனைக் கட்டாதவனைச் சிறையிலடைக்க 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம் இடந்தந்தது. அந்தக் கதவின் முன் அறம் நின்று பேசிய நாள் 1980 பிப்ரவரி 4. பாங்க் ஆஃப் கொச்சினுக்குப் பட்ட கடன் பற்றிய வழக்கில் நீதிபதி வி. ஆர். கிருஷ்ணய்யர் தெளிவாக உரைத்தார்: கட்டவில்லை என்பது மட்டும் சிறைக்குக் காரணமாகாது, பொருள் இருந்தும் வஞ்சகமாக மறுத்தான் என்பது மெய்ப்பிக்கப்பட வேண்டும். வறுமைக்காகச் சிறையிலிடுவது அரசமைப்பின் 21ஆம் பிரிவுக்கு முரண் என்றது தீர்ப்பு.

உடல் தப்பியது, உடைமை? 2002இல் வந்தது சர்ஃபாசி சட்டம். 60 நாள் அறிவிப்புக் கொடுத்துவிட்டு, நீதிமன்றத்தை நாடாமலே, ஈடுவைத்த சொத்தை வங்கி கைப்பற்றலாம். எதிர்த்து முறையிட வேண்டுமா? கேட்கும் தொகையில் 75 விழுக்காட்டை முதலில் கட்டு என்றது சட்டம்! கட்ட இயலாதவனிடம் கட்டிவிட்டு அழு என்பது நீதியா? 2004 ஏப்ரல் 8 அன்று, மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில், அந்த விதியை உச்சநீதிமன்றம் செல்லாததாக்கியது. கடனாளி மறுப்புரைத்தால் வங்கி காரணங்காட்டி விடைதர வேண்டும் என்றும் பணித்தது.

அடுத்து வட்டி. 2020இல் கொரோனா ஊரடங்கின்போது, மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதத் தவணைகளைத் தள்ளிவைக்க ரிசர்வ் வங்கி இசைந்தது. ஆனால் அந்த மாதங்களின் வட்டிக்கும் வட்டி ஏறிற்று! 2 கோடி ரூபாய்வரையிலான கடன்களுக்கு மட்டும் அரசு அதனை ஈடுசெய்தது. 2021 மார்ச் 23 அன்று உச்சநீதிமன்றம், தொகை எதுவாயினும் அக்காலத்துக்கு வட்டிக்கு வட்டி கூடாது. வாங்கியிருந்தால் கணக்கில் கழித்துவிடுக என்றது. முழு வட்டியையும் நீக்க மறுத்தது. வங்கி தன்னிடம் பணம் போட்டோர்க்கு வட்டி தரவேண்டுமே!

வகுப்பறையில் தனிவட்டியும் கூட்டுவட்டியும் கற்பிக்கும் நாம் கணக்கிட்டுப் பார்ப்போம். இலட்ச ரூபாய்க்கு ஆண்டுக்கு 12 விழுக்காடு எனில், ஆறு மாதத் தனிவட்டி 6,000 ரூபாய். மாதந்தோறும் கூட்டினால் 6,152. கிடைத்த நிவாரணம் வெறும் 152 ரூபாய்! தொகை சிறிது; நெறி பெரிது. தவணை கேட்டுப் பெற்றவன் தவறு செய்தவன் அல்லன் என்பதே அந்த நெறி.

உடலுக்கு 1980, முறையீட்டுக்கு 2004, வட்டிக்கு 2021. எதுவும் தானாக வந்த வரமன்று. வழக்காடிப் பெற்ற உரிமை. வங்கியின் அறிவிப்பு வந்ததும் வாசலை அடைத்து ஒளிந்துகொள்ளும் எளியவர்கள் நம் தெருவிலும் இருப்பார்கள். அவர்களிடம் செல்வோம். அறிவிப்பைப் படித்துக் காட்டுவோம். 60 நாளுக்குள் மறுப்பெழுத உதவுவோம். சொத்தின்மீது வங்கி கைவைத்தால், 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தை நாடலாம் என்று சொல்வோம். கடனை நாம் தீர்க்க இயலாது. அச்சத்தைத் தீர்க்க இயலும்!