சர்க்கரைத் தீவின் பசி

பிலிப்பைன்ஸின் சர்க்கரையில் பாதிக்கு மேல் நீக்ரோஸ் தீவில்தான் விளைந்தது. 1974 நவம்பரில் உலகச் சந்தையில் ஒரு பவுண்டு சர்க்கரை 65 அமெரிக்க சென்ட்டைத் தொட்டபோது, அந்தத் தீவே பணக்காரத் தீவாகியிருக்க வேண்டும். ஆகவில்லை. ‘இன்னும் ஏறும்’ என்று கணக்குப் போட்டு, அதிபர் ஃபெர்டினாண்ட் மார்கோஸின் அரசு சரக்கை விற்காமல் வைத்துக்கொண்டது. விலை சரிந்தது. கிடங்குகள் நிரம்பி, பள்ளிக்கூடங்களிலும் நீச்சல் குளங்களிலும்கூட சர்க்கரை மூட்டைகளை அடுக்கினார்கள்.

பதுக்கிய வியாபாரி நஷ்டப்பட்டால் அது அவன் பாடு. இங்கே பதுக்கியது அரசாங்கம். பட்டினி கரும்பு வெட்டியவனுக்கு.

கேள்வி கேட்க யாரும் இல்லை. 1972 செப்டம்பரில் ராணுவச் சட்டம் வந்ததுமே நாடாளுமன்றத்தைப் பூட்டியாயிற்று, பத்திரிகைகளையும் மூடியாயிற்று. 1975 கடைசியில் மனித உரிமை அமைப்பான அம்னெஸ்டியின் குழு அங்கே போய் 107 கைதிகளிடம் பேசியது. அவர்களில் 71 பேர் தாங்கள் சித்திரவதை செய்யப்பட்டதாகச் சொன்னார்கள். ஊழலை ஓர் அத்தியாயத்திலும் சித்திரவதையை இன்னோர் அத்தியாயத்திலும் வைத்து எழுதுவது வழக்கம். எனக்கு அதில் உடன்பாடில்லை. வாயை அடைத்த பிறகுதான் கஜானாவில் கை வைக்க முடிந்தது.

சர்க்கரை வியாபாரத்துக்கு அடுத்து வந்தவர் ரோபர்ட்டோ பெனடிக்டோ. மார்கோஸுடன் சட்டம் படித்தவர். சர்க்கரை ஆணையமும், அதன் வர்த்தக நிறுவனமான ‘நசூத்ரா’வும் அவர் கைக்குப் போயின. விவசாயி வேறு யாருக்கும் விற்க முடியாது; நசூத்ரா வைத்ததே விலை. தேங்காயில் இதே வேலையை எதுவார்தோ கோஹுவாங்கோ பார்த்துக்கொண்டார்.

1983 ஆகஸ்ட் 21 அன்று, நாடு திரும்பிய எதிர்க்கட்சித் தலைவர் பெனிக்னோ அக்கினோ மணிலா விமான நிலையத்திலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். டாலர் நாட்டை விட்டு ஓடத் தொடங்கியது. அக்டோபரில், வெளிநாட்டுக் கடனை இப்போதைக்குத் திருப்பித் தர முடியாது என்று அரசு கைவிரித்தது. மத்திய வங்கி தன் அந்நியச் செலாவணிக் கையிருப்பைச் சுமார் 60 கோடி டாலர் கூட்டிக் காட்டியிருந்த விஷயமும் அப்போது வெளியே வந்தது. 1984-ல் பொருளாதாரம் 7 சதவீதத்துக்கு மேல் சுருங்கியது. விலைவாசி ஒரே வருஷத்தில் ஏறக்குறைய பாதி ஏறியது.

நீக்ரோஸில் இதன் அர்த்தம் வேறு. பருவத்துக்குப் பருவம் கடன் வாங்கித்தான் அங்கே கரும்பு போடுவார்கள். கடன் நின்றது, உலக விலையும் உற்பத்திச் செலவுக்குக் கீழே கிடந்தது. நிலங்கள் தரிசாயின. கூலியைத் தவிர வேறு எதுவும் இல்லாத குடும்பங்களின் குழந்தைகள், எலும்பும் தோலுமாக ஆஸ்பத்திரிக்கு வந்தார்கள். 1985 செப்டம்பர் 20 அன்று, ராணுவச் சட்டத்தின் 13-வது ஆண்டு நாளை முன்னிட்டு, எஸ்கலாந்தே ஊரில் கரும்புத் தொழிலாளர்களும் மாணவர்களும் திரண்டார்கள். அவர்கள்மீது முதலில் தண்ணீரைப் பீய்ச்சினார்கள், பிறகு கண்ணீர்ப்புகை, பிறகு துப்பாக்கி. 20 பேர் செத்தார்கள். ஐந்தே மாதத்தில், 1986 பிப்ரவரியில், மார்கோஸ் குடும்பம் ஹவாய்க்குப் பறந்தது.

மார்கோஸின் மனைவி இமெல்டாவின் செருப்புகளைப் பற்றி எழுதாத பத்திரிகை இல்லை. செருப்பு வேடிக்கைதான்; விஷயம் சுவிஸ் வங்கியில் இருந்தது. ‘வில்லியம் சாண்டர்ஸ்’, ‘ஜேன் ரயன்’ என்ற பொய்ப் பெயர்களில் 1968-லேயே கணவனும் மனைவியும் கணக்கு திறந்திருந்தார்கள். 2003-ல் பிலிப்பைன்ஸ் உச்ச நீதிமன்றம் கூட்டிப் பார்த்தது: இருபது வருஷத்தில் இருவரும் வாங்கிய சம்பளம் சுமார் 3 லட்சத்து 4 ஆயிரம் டாலர். சுவிஸிலிருந்து வந்து சேர்ந்திருந்த பணமோ 65 கோடியே 80 லட்சம் டாலர். அரசுக்கே சொந்தம் என்று தீர்ப்பானது.

அந்தப் பணத்திலிருந்து 1,000 கோடி பெசோவைச் சித்திரவதைப்பட்டவர்களுக்கும் கொல்லப்பட்டவர்களின் குடும்பங்களுக்கும் ஒதுக்க, 2013-ல் சட்டம் வந்தது. அதில் கையெழுத்திட்ட அதிபர், விமான நிலையத்தில் சுடப்பட்ட அக்கினோவின் மகன். சுமார் 75,000 பேர் மனுப் போட்டார்கள். 11,103 பேரின் மனு ஏற்கப்பட்டது.

ஒன்பது வருஷம் கழித்து, 2022-ல், மார்கோஸின் மகன் 3 கோடியே 10 லட்சத்துக்கும் மேல் ஓட்டு வாங்கி அதிபரானார். அந்த ஓட்டு எப்படி வந்தது என்று பார்க்க, மார்கோஸ்களின் சொந்த ஊரான இலோகோஸுக்குப் போக வேண்டும். அடுத்த வாரம் போவோம்.

(தொடரும்)