மின்செலுத்தல் தடமும் நில உரிமையும்

மின்செலுத்தல் தடமும் நில உரிமையும் என்பது தனியார் நிலத்தின் மீது உயரழுத்த மின்கம்பிகள் செல்லும்போது நில உடைமையாளருக்கு உள்ள சட்ட உரிமைகளைக் குறிக்கும். கூடங்குளம் அணுமின் நிலையத்திலிருந்து திருநெல்வேலிக்கு வரும் 400 கிலோவோல்ட் தடங்கள் விளைநிலங்களைக் கடந்தே வருகின்றன.

இந்தியாவில் பொதுவாக இத்தடங்களுக்காக நிலம் கையகப்படுத்தப்படுவதில்லை. பட்டா உடைமையாளர் பெயரிலேயே இருக்கும். ஆனால் கம்பிகளின் கீழ் தென்னை வளர்க்கவோ வீடு கட்டவோ இயலாது. மின்சாரச் சட்டம், 2003 இன் 164 ஆம் பிரிவின்படி, இந்தியத் தந்திச் சட்டம், 1885 இன் அதிகாரங்களை மின் நிறுவனங்களுக்கு அரசு வழங்கலாம். மெல்லிய தந்திக் கம்பிகளுக்காக இயற்றப்பட்ட விதிகளே இவ்வாறு பெருங்கோபுரங்களுக்கும் பொருந்தின. தந்திச் சட்டத்தை நீக்கிய தொலைத்தொடர்புச் சட்டம், 2023 கூட மின்தடங்களுக்கு இவ்விதிகளைத் தொடரவிட்டது. அவ்வதிகாரம் பெற்ற நிறுவனத்திற்கு உடைமையாளரின் இசைவு தேவையில்லை என உச்ச நீதிமன்றம் 2016 இல் தீர்ப்பளித்தது. உடைமையாளர் தடுத்தால் நிறுவனம் மாவட்ட ஆட்சியரின் ஆணையைப் பெறலாம்.

இழப்பீடு

சேதத்தை இயன்றவரை குறைப்பதும், நேர்ந்த சேதத்திற்கு முழு இழப்பீடு தருவதும் நிறுவனத்தின் கடமை (10 ஆம் பிரிவு). தொகை போதாதெனில் மாவட்ட நீதிபதியிடம் முறையிடலாம் (16 ஆம் பிரிவு). நிலத்தின் அமைவிடம் முதலியவற்றைக் கருதியே தொகையை முடிவு செய்யவேண்டும் என்று கேரள மின்வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 2007 இல் கூறியது.

2018 திசம்பரில் கொங்கு மண்டல உழவர்கள் உயரழுத்தத் தடங்களை எதிர்த்துப் போராடினர். நடுவண் மின்துறை அமைச்சகத்தின் 2015 ஆம் ஆண்டு வழிகாட்டுதல் கோபுர அடிநிலத்திற்கு நிலமதிப்பில் 85 விழுக்காடும், கம்பித்தடப் பகுதிக்கு அதிகபட்சம் 15 விழுக்காடும் பரிந்துரைத்தது. 2024 இல் இவை முறையே 200, 30 விழுக்காடுகளாக உயர்த்தப்பட்டன. எனினும் இவை மாநிலங்களுக்கான பரிந்துரைகளே.