ஆறாத குளிருக்கு ஓர் எண்

1950 நவம்பர் இறுதியில் கொரியாவின் சோசின் நீர்த்தேக்கத்தைச் சுற்றிப் போர் மூண்டபோது குளிர் மைனஸ் 30 டிகிரி செல்சியஸைத் தொட்டது. ஆயிரக்கணக்கான அமெரிக்க வீரர்களைப் பனிக்கடி தாக்கியது. திசுக்களில் இருந்த நீர் உறைந்து, ரத்தக் குழாய்கள் அடைபட்டு, விரல்கள் கறுத்தன. சிலருக்கு விரல்களை வெட்ட வேண்டியிருந்தது. பலருக்குப் புண் ஆறியது. ஆனால் நரம்புகளும் ரத்தக் குழாய்களும் தேறவில்லை. பல ஆண்டுகள் கழித்தும் பாதம் மரத்தது, இளங்குளிருக்கே வலித்தது, காரணமின்றி வியர்த்தது. மூட்டுகள் முன்கூட்டியே தேய்ந்தன.

அந்த வலியை ஏட்டில் எங்கே எழுதுவது? அமெரிக்க முன்னாள் படைவீரர் நலத்துறையின் ஊன மதிப்பீட்டுப் பட்டியலில் 7122 என்றோர் எண் இருந்தது. அதன் தலைப்பு உறைந்த பாதங்களை மட்டுமே சொன்னது. கை, காது, மூக்குக்கு அதில் பெயரில்லை. 1998இல் அந்தத் தலைப்பு ‘குளிர்க்காயத்தின் எச்சங்கள்’ என விரிந்தது. பாதிக்கப்பட்ட ஒவ்வோர் உறுப்பையும் தனித்தனியே மதிப்பிடும் முறை வந்தது. வலி, மரத்தல், குளிர் தாளாமை ஆகியவற்றில் ஒன்று இருந்தாலே 10 சதவீதம். நகச் சிதைவு, நிறமாற்றம், மிகை வியர்வை, எக்ஸ்ரேயில் தெரியும் எலும்புக் கேடு போன்றவற்றில் ஒன்று சேர்ந்தால் 20, இரண்டோ அதற்கு மேலோ சேர்ந்தால் 30. போர் முடிந்து ஏறக்குறைய 45 ஆண்டுகளுக்குப் பின்பு கிடைத்த அங்கீகாரம் அது.

மருத்துவமனைகளின் கணக்கு வேறு வழியில் வளர்ந்தது. ஐசிடி-9 என்ற நோய்க் குறியீட்டுப் பட்டியலின் காலத்தில் பனிக்கடியின் பின்விளைவுக்குத் தனி இடம் கிடையாது. வெயில் தாக்கம், மின்னல், நீரில் மூழ்கல், பட்டினி எல்லாவற்றின் பின்விளைவுகளோடும் சேர்த்து 909.4 என்ற ஒரே எண்ணில் அதை அடைத்தார்கள். எந்தக் கால், எந்த விரல் என்ற விவரம் அதில் தங்கவில்லை.

2015 அக்டோபர் 1 அன்று அமெரிக்கா ஐசிடி-10-சிஎம்முக்கு மாறியது. மேலோட்டமான பனிக்கடிக்கு டி33 (T33), திசு அழிந்ததற்கு டி34 (T34). ஏழாவது இடத்தில் ஓர் எழுத்து: சிகிச்சை நடக்கும்போது ‘ஏ’, ஆறிவரும்போது ‘டி’ (D), பின்விளைவுக்கு ‘எஸ்’. டி34.831எஸ் என்றால், வலது கால்விரலில் திசு அழியும் அளவுக்கு ஏற்பட்ட பனிக்கடி விட்டுச்சென்ற பாதிப்பு. இன்றைய உபாதையின் கோடு (குறியீடு) முதலில் வரும், அதற்குக் காரணமான காயத்தின் கோடு அடுத்து வரும். ‘எஸ்’ காயத்தின் கோடில் மட்டுமே ஒட்டும். அதற்குக் காலக்கெடு கிடையாது; ஐம்பது ஆண்டு கழித்தும் போடலாம்.

இந்த எழுத்தைச் சேர்ப்பவர் பல நேரங்களில் பனியே பார்க்காத ஊரில் இருக்கிறார். அமெரிக்க மருத்துவமனைகளின் சார்ட்டுகளைப் படித்துக் கோடு போடும் வேலை சென்னையில் பெரிய தொழில். உயிரியலும் நர்சிங்கும் படித்த இளைஞர்கள் பலருக்கு அதுவே பிழைப்பு. ‘எஸ்’ இருக்க வேண்டிய இடத்தில் ‘ஏ’ விழுந்தால், நோயாளிக்கு ஜூலை வெயிலில் புதிதாகப் பனிக்கடி வந்ததாகக் கோப்பு சொல்லும், காப்பீட்டுக் கிளைமும் திரும்பக்கூடும். ஆனால் கோடருக்கு ஊகிக்க உரிமையில்லை. ‘பாதம் மரத்திருக்கிறது’ என்று மட்டும் டாக்டர் எழுதியிருந்தால், பழைய பனிக்கடியோடு அதைக் கோடர் தானாக முடிச்சுப்போட முடியாது. டாக்டரிடம் கேட்டுத்தான் ஆக வேண்டும்.

அந்தக் கேள்வியைக் கேட்பது வேலையைத் தாமதப்படுத்தும், அன்றைய சார்ட் எண்ணிக்கையைக் குறைக்கும். இருந்தும் கேட்கத்தான் வேண்டும். வெளியே தழும்புகூட இல்லாத ஒருவர் தன் வலிக்குக் காட்டக்கூடிய சாட்சி, ஏட்டில் சரியாக விழுந்த அந்த ஓர் எழுத்துதான்.