வள்ளி பிறந்த குலம்

கதிர்காமக் கந்தனின் கைப்பிடித்த வள்ளிநாயகி வேடர் குலத்தில் வளர்ந்தவள். அறுபத்துமூவருள் ஒருவராக நாம் வணங்கும் கண்ணப்பரும் வேடரே. மண்டூரிலே வேலை வைத்து முதலில் வழிபட்டோர் வேடர் என்பதும் நம் மூத்தோர் வழிவழிச் சொல்லிவரும் செய்தி. ஆயின் அக்குலத்தாரை நாம் எவ்வாறு நடத்தி வந்துள்ளோம்?

அவுஸ்திரேலியாவிலே ஏறக்குறைய 1910 முதல் 1970 வரை, ஆதிக்குடிகளின் பிள்ளைகள் பலர் தாயாரிடமிருந்து பிரிக்கப்பட்டு, விடுதிகளிலும் வெள்ளையர் வீடுகளிலும் வளர்க்கப்பட்டனர். தாய்மொழி மறந்தது, குலப்பெயர் மறைந்தது. 1997இல் விசாரணை அறிக்கையொன்று அக்கொடுமையை வெளிப்படுத்தியது. 2008 பெப்ரவரி 13ஆம் நாள் பிரதமர் கெவின் ரட் பாராளுமன்றத்திலே மன்னிப்புக் கோரினார்.

இலங்கையில் பறிக்கப்பட்டது நிலம். அந்நாளில் மட்டக்களப்பு மாவட்டத்தைச் சேர்ந்திருந்த பட்டிப்பளை ஆற்றை மறித்து, 1949இல் தொடங்கிய கல்லோயாத் திட்டம் பலருக்கு வயல் தந்தது. வேடர் வேட்டையாடிய காட்டையோ நீரில் அமிழ்த்தியது. 1983இல் மாதுறு ஓயா வனம் தேசியப் பூங்காவாக்கப்பட்டபோது, தம்பானை வேடர் பலர் கெனானிகலைக்குக் குடிபெயர்க்கப்பட்டனர். வேட்டையும் தேனெடுத்தலும் குற்றமாயின. தலைவர் ஊருவரிகே திசாஹாமி சில குடும்பங்களோடு வெளியேற மறுத்து, 1998இல் மறையும்வரை தம் மண்ணிலேயே வாழ்ந்தார்.

நிலத்தோடு பெயரும் போயிற்று. 1946ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பில் வேடர் 2,361 பேர். 1953இல் 803 பேர். ஏனையோர் மாண்டுபோகவில்லை. பலர் சிங்களவராகவோ தமிழராகவோ பதியப்பட்டனர்.

நம் வாவிக்கு வடக்கே வாகரை, மாங்கேணி, பனிச்சங்கேணிப் பகுதிகளில் வாழும் கரையோர வேடர் தமிழே பேசுகின்றனர். மீன் பிடித்தும் தேனெடுத்தும் சேனை செய்தும் வாழ்ந்து வந்தவர்கள். முன்னோரைத் தெய்வமாகப் போற்றிச் சடங்கு செய்பவர்கள். அவர்களுடைய பிள்ளைகளைத் தாயாரிடமிருந்து பிரிக்க இங்கு எவரும் வரவில்லை. ஆனால் வேடன் என்னும் சொல்லை நாம் ஏளனச் சொல்லாக்கினோம். பள்ளியிலே அச்சொல்லைக் கேட்டு நாணிய பிள்ளை, தன் குலத்தைத் தானே மறைக்கக் கற்றுக்கொள்கிறது. சட்டம் செய்யாததை நம் நா செய்துவிட்டதன்றோ!

பெரியோர்களே, அச்சொல்லை வசையாக வழங்குவதை வீட்டிலே நிறுத்துங்கள். இளைஞர்களே, வாகரைக்குச் செல்லும்போது உபதேசம் செய்யப் போகாதீர்கள். அங்குள்ள முதியோரின் பாடலையும் சடங்கையும் காட்டறிவையும் கேட்டறிந்து வாருங்கள். வள்ளியை வணங்கி, அவள் குலத்தாரை வாசலில் நிறுத்துவது வழிபாடாகாது.