கடன் என்ற பழஞ்சொல்

தமிழில் 'கடன்' என்ற சொல்லுக்கு இரு பொருள்கள் உண்டு. சங்கப் பாடல்களில் அது பெரும்பாலும் கடமை. இன்றைய பேச்சிலோ திருப்பித் தரவேண்டிய பணம். அரசுச் செலவில் சிறப்பு மருத்துவம் பயின்றவர்கள் சில ஆண்டுகள் அரசு மருத்துவமனையில் பணியாற்றியே ஆகவேண்டும் என்ற விதியின் வரலாற்றைப் படிக்கும்போது, இவ்விரு பொருள்களுக்கும் நடுவில்தான் நாம் நெடுங்காலமாக நின்றுகொண்டிருக்கிறோம் என்று தோன்றுகிறது.

தொடக்கத்தில் இங்கே கட்டாயம் இருக்கவில்லை. 1924-இல், பனகல் அரசர் முதன்மை அமைச்சராக இருந்த காலத்தில், சென்னை மாகாண அரசு கிராம மருத்துவ உதவித் திட்டம் ஒன்றைக் கொண்டுவந்தது. கிராமத்தில் குடியேறித் தொழில் செய்ய முன்வரும் மருத்துவருக்கு ஆண்டுதோறும் ஒரு தொகை அளிக்கப்படும். அவர் ஏழைகளுக்கு இலவசமாக வைத்தியம் பார்க்கவேண்டும். அது ஒரு வகையில் அழைப்புதான், ஆணை அல்ல. ஆனால் 1946-இல் போர் குழு தன் அறிக்கையை அளித்தபோதும் மருத்துவர்கள் நகரங்களிலேயே குவிந்திருந்தனர். முழுநேர ஊதியம் பெறும் அரசு மருத்துவர்களையும் ஆரம்ப சுகாதார நிலையங்களையும் அக்குழு பரிந்துரைத்தது.

பின்னாளில் தமிழ்நாடு இரண்டு வழிகளைக் கைக்கொண்டது. முதலாவது, அரசுப் பணியில் உள்ள மருத்துவர்களுக்கு மேற்படிப்பில் பாதி இடங்களை ஒதுக்குவது. படித்து முடித்தபின் அவர்கள் ஓய்வு பெறும்வரை அரசுப் பணியில் தொடரவேண்டும். மருத்துவக் கவுன்சிலின் விதிகளால் 2017-இல் பட்ட மேற்படிப்பில் இவ்வழி அடைபட்டது. 2020 ஆகஸ்ட் 31 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, இத்தகைய ஒதுக்கீடு செய்யும் அதிகாரம் மாநிலங்களுக்கு உண்டு என்று தீர்ப்பளித்தது. இரண்டாவது வழி, வெளியிலிருந்து சேர்பவர்களிடம் ஒப்பந்தப் பத்திரம் எழுதி வாங்குவது. இரண்டாண்டு பணி, இல்லையேல் பட்ட மேற்படிப்புக்கு 40 லட்சம் ரூபாய் என்றிருந்த நிபந்தனையில் பணிக்காலம் 2023-இல் ஓராண்டாகக் குறைக்கப்பட்டது.

இப்பத்திரங்கள் தொழில் சுதந்திரத்தைப் பறிக்கின்றன, கட்டாய உழைப்பாகின்றன என்று பல மாநில மருத்துவர்கள் வழக்குத் தொடுத்தார்கள். 2019 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அவ்வாதங்களை ஏற்கவில்லை. எனினும் சில மாநிலங்களின் நிபந்தனைகள் கடுமையானவை என்பதைக் கண்டு, நாடெங்கும் ஒரே கொள்கை வகுக்கலாம் என்று யோசனை கூறியது.

கும்மிடிப்பூண்டியிலிருந்து பார்த்தால் இவ்வழக்கு வேறொரு முகம் காட்டுகிறது. சிப்காட் வளாகத்தின் இரும்பு உருக்காலைகளிலும் உருட்டாலைகளிலும் கை நசுங்கும் ஒரு தொழிலாளிக்கு உடனடியாகத் தேவைப்படுபவர் எலும்பு முறிவு மருத்துவரும் மயக்க மருந்து நிபுணரும். மாவட்டத் தலைநகரான திருவள்ளூரில் 2022 ஜனவரியில் அரசு மருத்துவக் கல்லூரி திறந்துவைக்கப்பட்டது. ஆனால் கும்மிடிப்பூண்டியிலிருந்து ரயிலில் அங்கு போகச் சென்னைக்கு வந்து வண்டி மாறவேண்டும். ஒரே மாவட்டம்தான்; அவசரத்துக்கு அந்தத் தொழிலாளிக்கு ஸ்டான்லி மருத்துவமனையே பக்கம்.

அத்தொழிலாளி வெறும் பயனாளியும் அல்லர். ஈ.எஸ்.ஐ. திட்டத்தில் 2019 ஜூலை முதல் தொழிலாளியின் ஊதியத்தில் 0.75 விழுக்காடும் முதலாளியிடமிருந்து 3.25 விழுக்காடும் பெறப்படுகின்றன. சென்னை கே.கே. நகரில் ஈ.எஸ்.ஐ. மருத்துவக் கல்லூரி நடப்பது இந்நிதியத்தின் துணையால்தான். அங்கு பயில்வோரும் பணிப் பத்திரம் எழுதித் தருகிறார்கள். அரசுக் கல்லூரிகளைப் பொறுத்தவரை, தீப்பெட்டி வாங்குபவரும் வரி கட்டுகிறார். ஆக, மானியம் என்று நாம் சொல்வது பலருடைய கூலியின் ஒரு துளி.

இதனால் மருத்துவர்களின் மனக்குறை பொய்யாகிவிடாது. படித்து முடித்தவருக்குப் பணியிடம் தராமல் காக்கவைப்பதும், அதுவரை மூலச் சான்றிதழ்களை நிறுத்திவைப்பதும் நடந்திருக்கின்றன. சான்றிதழ்களைத் திருப்பித் தருமாறு சென்னை உயர் நீதிமன்றம் ஆணையிட்ட வழக்குகளும் உண்டு. பத்திரம் இருதரப்புக்கும் பொதுவானது. பணியாற்ற வருபவருக்கு அறுவை அரங்கமும் செவிலியரும் ரத்த வங்கியும் தருவது அரசின் பங்கு. கருவியில்லாத மருத்துவமனையில் அறுவை நிபுணரை அமர்த்துவது, ஏர் தராமல் உழவனை வயலில் நிறுத்துவதற்கு ஒப்பானது.

மெக்சிகோவில் 1936 முதல் மருத்துவ மாணவர்கள் சமூகப் பணி செய்த பிறகே பட்டம் பெறுகிறார்கள். அங்கு அப்பணி கல்வியின் கடைசிப் பாடம். இங்கோ அதற்கு ஒரு விலை குறிக்கப்பட்டிருக்கிறது. விலை குறிக்கப்பட்டதும் வசதியுள்ளவர் பணத்தைக் கட்டி விடுபடலாம். வசதியற்றவர் மட்டுமே பணியாற்றுவார். கடமை கடனாகச் சுருங்குவது இந்த இடத்தில்தான்.

விலக்குத் தொகையை உயர்த்துவதா குறைப்பதா என்பதல்ல நம் கேள்வி. 40 லட்சம் ரூபாய் கருவூலத்தில் சேர்ந்தாலும் அன்றிரவு கும்மிடிப்பூண்டியில் நசுங்கிய கையைப் பொருத்த ஆள் இருக்காது. அரசு ஈடாகக் கேட்கவேண்டியது மருத்துவரின் பணத்தை அல்ல, அவருடைய நாட்களை. அந்த நாட்களை வீணாக்காமல் பயன்படுத்தும் மருத்துவமனையைக் கட்டித் தருவது அரசின் கடன்.