பிள்ளையின் பிழையா? தெருவின் பிழையா?

நியூயார்க் நகரத்து நீர்ப்பரப்பிலே ஒரு படகு செல்கிறது. ஓரத்திலே நின்று வேடிக்கை பார்த்த சின்னஞ்சிறு குழந்தை ஒன்று கால் தவறி நீரில் வீழ்கிறது. தந்தை அலறுகிறார். கூடியிருந்தோர் கைபிசைந்து நிற்கின்றனர். ஒரு சிறுவன் மட்டும் பாய்கிறான், குழந்தையை மீட்கிறான். யார் அவன்? பகலெல்லாம் கனவான்களின் காலணிக்கு மெருகேற்றிக் காசு பெற்றவன். இரவிலே மரப்பெட்டிக்குள் வைக்கோலைப் பரப்பி உறங்கியவன். தாயும் இல்லான், தந்தையும் இல்லான். குழந்தையின் தந்தையோ வளமிக்க வணிகர். நன்றி மறவாத அந்தச் சீமான், சிறுவனுக்குத் தம் கணக்கறையிலே வேலை தருகிறார். வாரத்துக்கு 10 டாலர் ஊதியம்! கவலை தீர்ந்தது, கதையும் முடிந்தது.

1868ஆம் ஆண்டிலே நூலாக வெளிவந்த 'ரேக்டு டிக்' என்னும் நவீனத்தின் முடிவு இது. எழுதியவர் ஹொரேஷியோ ஆல்ஜர். இதே வார்ப்பிலே ஏறத்தாழ நூறு நவீனங்களை வார்த்துத் தந்தவர். உழைப்பு இருந்தால், ஒழுக்கம் இருந்தால், உயர்வு தானே வரும் என்று அமெரிக்கச் சிறுவர்க்குப் போதித்தவர்.

நல்ல கதைதான். படிக்கும்போது நாமும் மகிழ்கிறோம். ஆனால், ஏட்டை மூடியதும் ஒரு கேள்வி எழுகிறது. அன்று அந்தக் குழந்தை கால் தவறாதிருந்தால்? மெருகுப் பெட்டியைத் தோளிலே சுமந்து திரிந்த சிறுவர் அந்நகரிலே அவன் ஒருவன்தானா? அத்தனை பேரும் கரையேற வேண்டுமானால், ஆற்றிலே விழுவதற்கு அத்தனை சீமான் வீட்டுக் குழந்தைகளுக்கு எங்கே போவது? உழைப்பால் உயர்ந்தான் என்று சொல்லத் தொடங்கிய கதை, தற்செயலால் உயர்ந்தான் என்றல்லவா முடிகிறது! தலைவிதி என்று நம்மவர் சொல்வதை அங்கே அதிர்ஷ்டம் என்றனர்; வேறுபாடு அவ்வளவே.

அமெரிக்காவின் நவீனங்களிலும் திரைப்படங்களிலும் நகரத்துக் குழந்தை எப்படித் தீட்டப்பட்டிருக்கிறான் என்று நாம் ஆராயப் புகுந்தால், ஒன்றரை நூற்றாண்டாக ஒரே வழக்கு நடந்து வருவதைக் காண்கிறோம். பிள்ளை கெட்டான், பிழை யாருடையது? பிள்ளையுடையதா, அவனை வளர்த்த தெருவினுடையதா? ஆல்ஜர் தந்தது முதல் தீர்ப்பு. அந்தத் தீர்ப்பை மாற்றி எழுதப் பலர் பாடுபட வேண்டியிருந்தது.

ஆல்ஜரின் காலத்து நல்லெண்ணம் படைத்தோரும் தெருவைத் திருத்த எண்ணவில்லை. 1853இலே சார்லசு லோரிங் பிரேசு என்பார் நியூயார்க்கிலே குழந்தைகள் உதவிச் சங்கத்தை நிறுவினார். செய்தித்தாள் விற்கும் சிறுவருக்குப் படுக்க இடம் தந்தார், பாராட்டுவோம். ஆனால் அவர் கண்ட பெருமருந்து என்ன? நகரத்துப் பிள்ளைகளைப் புகைவண்டியிலே ஏற்றி, மேற்கே பண்ணை வீடுகளுக்கு அனுப்புவது! 1854 முதல் 1929 வரை, இத்தகைய வண்டிகளிலே ஏறத்தாழ இரண்டு இலட்சம் பிள்ளைகள் அனுப்பப்பட்டனர். நகரம் பிள்ளையைக் கெடுக்கிறது என்பது தெரிந்துவிட்டது. அப்படியானால் திருத்தப்பட வேண்டியது நகரம் அல்லவா? நகரம் இருந்தபடி இருந்தது; நாடு கடந்தவன் பிள்ளை!

முதன்முதலாகத் தெருவைக் கூண்டிலே ஏற்றியவர்களுள் ஒருவர் ஜேக்கப் ரீசு. டென்மார்க்கிலே பிறந்து, 1870இலே அமெரிக்கா வந்து, வேலையின்றி அலைந்து, காவல் நிலையக் கொட்டடியிலே படுத்துறங்கிய அனுபவம் அவருக்கு உண்டு. பின்னர்ச் செய்தியாளரானார். கொளுத்தினால் பளிச்சென எரியும் பொடியின் துணைகொண்டு, இருண்ட ஒண்டுக்குடித்தன வீடுகளைப் படம் பிடித்தார். சாளரமற்ற அறைகள்; சந்துகளிலே ஒருவர்மேல் ஒருவராய்ச் சாய்ந்து உறங்கும் சிறுவர்கள்! 1890இலே 'மற்றப் பாதியார் வாழும் விதம்' என்னும் பொருள்படும் பெயரோடு அவர் நூல் வெளிவந்தது. அதுவரை கனவான்கள் ஏழையைக் கண்டிருந்தனர்; ஏழையின் வீட்டைக் கண்டதில்லை. கண்டனர், கலங்கினர். 1901இலே நியூயார்க் மாநிலம் சட்டம் செய்தது: புதிதாகக் கட்டும் குடியிருப்புகளிலே ஒவ்வோர் அறைக்கும் சாளரம் வேண்டும், ஒவ்வொரு குடித்தனத்துக்கும் கழிப்பிடம் வேண்டும்.

நவீனத்திலே அப்பணியைச் செய்தவர் ஸ்டீபன் கிரேன். 1893இலே, 21 வயதிலே, 'மேகி' என்னும் தெருப்பெண்ணின் கதையை எழுதினார். பதிப்பாளர் ஏற்கவில்லை; தம் கைப்பணத்தைச் செலவிட்டுப் புனைபெயரிலே அச்சிட்டார். கதையின் தொடக்கமே சிறுவர் சண்டை. கற்குவியலின் மேல் நின்று, தன் சந்தின் மானத்தைக் காக்கக் கல்லெறிகிறான் ஒரு பொடியன். வீடு திரும்பினால் அங்கே குடிகாரத் தாய், குடிகாரத் தந்தை. அவன் தங்கை மேகி, சட்டைக்குக் கழுத்துப் பட்டை தைக்கும் தொழிற்சாலைக்கு அனுப்பப்படுகிறாள். ஒருவனை நம்புகிறாள், கைவிடப்படுகிறாள், தாயாலும் துரத்தப்படுகிறாள், மாய்கிறாள். எந்தச் சீமானும் வரவில்லை. ஆல்ஜர் ஆற்றிலே தள்ளிய குழந்தையைக் கிரேன் தள்ள மறுத்துவிட்டார். கொடுமை என்று கதறினர் சிலர். கொடுமை கதையிலா, காரணத்திலா?

காரணத்தைக் கணக்கெடுப்பே சொல்லிற்று. 1900ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி, 10 முதல் 15 வயதுக்குட்பட்ட பதினேழரை இலட்சம் பிள்ளைகள் அந்நாட்டிலே உழைத்துப் பிழைத்தனர். 1904இலே குழந்தைத் தொழிலை எதிர்க்கும் தேசியக் குழு தோன்றிற்று. 1908 முதல் லூயி ஹைன் அக்குழுவுக்காக ஊர் ஊராகச் சென்று, நூலாலைகளிலும் சுரங்கங்களிலும் நகரத் தெருக்களிலும் பிள்ளைகளைப் படமெடுத்தார். 1916இலே சட்டம் வந்தது. 1918இலே உச்சநீதிமன்றம் அதனை வீழ்த்திற்று; ஒன்பது நடுவருள் ஐவர் ஒரு பக்கம், நால்வர் மறுபக்கம். வழக்குத் தொடுத்தவர் யார்? முதலாளி அல்லர், தம் மைந்தர் இருவரும் பஞ்சாலையிலே உழைக்க உரிமை வேண்டும் என்று கேட்ட ஒரு தொழிலாளித் தந்தை! வறுமை அந்தத் தந்தையின் வாயாலேயே தன் வழக்கைப் பேசிற்று.

இந்த நிலையிலேதான் திரைப்படம் வருகிறது. 1921இலே சார்லி சாப்ளினின் 'தி கிட்' வெளியாயிற்று. குப்பைமேட்டருகே கிடந்த பச்சிளங் குழந்தையை எடுத்து வளர்க்கிறான் ஒரு நாடோடி. பையன் கல்லெறிந்து சாளரக் கண்ணாடியை உடைப்பான். கண்ணாடி பதிப்பவனாக நாடோடி அவ்வழியே வருவான். சிரிக்கிறோம். அனாதை விடுதிக்கென்று பையனை வண்டியிலே ஏற்றும்போது, அவன் கைநீட்டிக் கதறுகிறான். சிரித்த கண்களிலே நீர் பெருகுகிறது. சாப்ளின் இலண்டனிலே ஏழு வயதிலே ஏழையர் விடுதி கண்டவர். அந்த வண்டி அவர் கற்பனையிலே மட்டும் பிறந்த வண்டியன்று. எனினும், படத்தின் முடிவிலே பையனின் தாய் புகழும் பொருளும் பெற்ற நடிகையாக வந்து அவனை மாளிகைக்கு அழைத்துக்கொள்கிறாள். சாப்ளினும் ஆல்ஜரின் கதவைத்தான் தட்டினார்!

படத்தினும் பெரிய பாடம் படத்திற்கு வெளியே நிகழ்ந்தது. அந்தப் பையனாக நடித்த ஜாக்கி கூகன், உலகமெங்கும் புகழ் பெற்ற முதற் குழந்தை நடிகருள் ஒருவன். சிறு வயதிலே அவன் ஈட்டியது முப்பது நாற்பது இலட்சம் டாலர் இருக்கும் என மதிப்பிட்டனர். வளர்ந்ததும், என் பணம் எங்கே என்று கேட்டான். தாயும் மாற்றாந் தந்தையும் கையை விரித்தனர். பிள்ளையின் சம்பாத்தியம் பெற்றோருக்கே சொந்தம் என்றது அன்றைய சட்டம். 1938இலே வழக்காடினான், கிடைத்தது ஏறத்தாழ 1,26,000 டாலர். 1939இலே கலிபோர்னியா மாநிலம், குழந்தை நடிகரின் ஊதியத்திலே ஒரு பகுதியை அவர்களுக்கென ஒதுக்கி வைக்கச் சட்டம் செய்தது. குழந்தைத் தொழிலை நாடளாவிக் கட்டுப்படுத்தும் சட்டமும் அதே 1938இலே வந்தது. ஆனால் திரையிலும் மேடையிலும் நடிக்கும் பிள்ளைகளுக்கு அதிலே விலக்கு! ஏழைச் சிறுவனைக் காட்டி உலகத்தை அழவைத்த தொழில், அந்தச் சிறுவனாக நடித்தவனையே காக்கத் தவறிற்று.

1929இன் பொருளாதார வீழ்ச்சிக்குப் பின், வேலையற்றோர் பெருகினர். சோம்பல்தான் வறுமைக்குக் காரணம் என்ற பேச்சு எடுபடவில்லை. 1937இலே 'டெட் எண்டு' என்னும் படம் வெளிவந்தது. 1935இலே மேடையேறிய சிட்னி கிங்ஸ்லியின் நாடகத்தினின்றும் பிறந்தது. ஆற்றங்கரையிலே அடுக்குமாளிகை, அதன் காலடியிலே அழுக்குக் குடியிருப்பு. மாளிகையார் மாடியிலிருந்து பார்க்கின்றனர்; தெருப்பிள்ளைகள் ஆற்றிலே குதித்து விளையாடுகின்றனர். அதே தெருவிலே வளர்ந்து கொள்ளைக்காரனானவன் ஒருவன் திரும்பி வருகிறான். பிள்ளைகள் நாளை என்ன ஆவர் என்பதை அவன் முகத்திலே காண்கிறோம்.

மறு ஆண்டு வந்த 'அழுக்கு முகத் தேவதைகள்' என்ற பொருள் தரும் படத்திலே, இரு சிறுவர் சரக்கு வண்டியிலே திருட முயன்று ஓடுகின்றனர். ஒருவன் தப்புகிறான், மற்றவன் பிடிபடுகிறான். பிடிபட்டவன் சீர்திருத்தப் பள்ளிக்குப் போய்க் கொள்ளையனாகிறான், தப்பியவன் பாதிரியாராகிறான். இருவருக்கும் வேற்றுமை உள்ளத்திலா? இல்லை, ஓட்டத்திலே! ஆல்ஜரின் அதிர்ஷ்டத்தை இந்தப் படம் தலைகீழாக்கிக் காட்டிற்று.

தெருவென்றால் துன்பம் மட்டுந்தானா? அல்ல. 1943இலே பெட்டி சுமித் எழுதிய 'புரூக்ளினிலே ஒரு மரம் வளர்கிறது' என்ற பொருளுடைய நவீனம், கந்தலும் தகரமும் பொறுக்கி விற்றுக் காசு சேர்க்கும் ஃபிரான்சி என்ற சிறுமியின் கதை. தந்தை பாட்டுப் பாடிப் பரிமாறும் பணியாள், குடியால் கெடுகிறார். தாய் குடியிருப்பைக் கூட்டித் துடைத்து வாடகைக்கு ஈடுகட்டுகிறாள். சிறுமியோ நூலகத்து நூல்களை ஒன்றுவிடாமல் படிக்க முனைகிறாள். ஃபிரான்சி மேலேறுவது சீமானின் கைபற்றியன்று; தாயின் உழைப்பும் ஊர்ப் பொதுநூலகமும் ஏற்றிவிட்ட ஏற்றம் அது. 1953இலே வந்த 'சிறிய தப்பியோடி' எனப் பொருள்படும் படத்திலும் அதே புரூக்ளின். ஏழு வயதுப் பையன் கோனி தீவின் கடற்கரையிலே வெற்றுப் புட்டிகளைப் பொறுக்கி, அந்தக் காசிலே மட்டக் குதிரை ஏறுகிறான். உழைப்பும் விளையாட்டும் ஒன்றாய்க் கலந்த காட்சி! வறுமை பிள்ளைப்பருவத்தைக் குறுக்கலாம். விளையாட்டை முற்றும் பறிக்க இயலவில்லை.

இதுவரை நாம் எண்ணிய நாயகரைத் திரும்பிப் பாருங்கள். அத்தனை பேரும் வெள்ளையர். கறுப்பினப் பிள்ளை எங்கே? அந்தக் கேள்விக்கு இடிபோல் விடை தந்தவர் ரிச்சர்டு ரைட். 1940இலே வெளிவந்த 'நேட்டிவ் சன்' என்னும் நவீனம், சிகாகோவிலே ஓர் அறையிலே நால்வர் முடங்கிய குடும்பத்திலே, எலியை அடித்துக் கொல்வதோடு தொடங்குகிறது. இருபது வயது பிக்கர் தாமசு, செல்வர் டால்ட்டன் வீட்டிலே வேலைக்குச் சேர்கிறான். ஆல்ஜரின் கொடைவள்ளலே மீண்டும் வந்துவிட்டார் போலும்! டால்ட்டன் கறுப்பின இளைஞர் கழகத்துக்கு மேசைப்பந்து மேசைகளை வழங்கும் வள்ளல். ஆனால் அந்த எலிப்பொந்து அறைக்கு வாடகை வாங்கும் நிறுவனமும் அவருடையதே! ஒரு கையால் கொள்ளை, மறுகையால் கொடை. கறுப்பருக்கு வீட்டை விற்கலாகாது என்ற ஒப்பந்தங்கள் அந்நகரிலே மலிந்திருந்த காலம் அது. அவற்றை நீதிமன்றங்கள் நிறைவேற்றித் தரலாகாது என்று உச்சநீதிமன்றம் சொல்லியதே 1948இலேதான். பிக்கர் கொலைகாரனாகிறான், ரைட் அவனைத் தூயவனாக்கவில்லை. அவனை ஆக்கியது எது என்று மட்டுமே கேட்டார். 1951இலே அந்தக் கதை படமானபோது, சிகாகோவின் கதையை அர்ஜென்டினாவிலே எடுக்க வேண்டியதாயிற்று. நாற்பதைக் கடந்த ரைட்டே பிக்கராக நடித்தார்.

பின்னர்க் கதவு மெல்லத் திறந்தது. ஹார்லம் தெருவிலே வளர்ந்து, 13 வயதிலே குண்டடிபட்ட கிளாடு பிரவுன், தம் கதையைத் தாமே 1965இலே எழுதினார். 1991இலே லாசு ஏஞ்சல்சின் தெருவைப் படமாக்கிய ஜான் சிங்கிள்டன், சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கார் போட்டியிலே பெயர் பெற்ற முதற் கறுப்பினத்தவரானார். அதுவரை தெருப்பிள்ளையைப் பற்றிப் பிறர் பேசினர். இப்போது தெருப்பிள்ளையே பேசலானான்.

1984இலே சாண்ட்ரா சிஸ்னெரோசு எழுதிய 'மாங்கோ தெரு வீடு' என்னும் நூலிலே, சிகாகோவிலே வாழும் எஸ்பெரான்சா என்ற சிறுமி தன் தெருவை விட்டுப் போக ஏங்குகிறாள். போவேன் என்று உறுதி கொள்கிறாள். ஆனால் போகமுடியாதவர்க்காகத் திரும்பி வருவேன் என்பதையும் சேர்த்தே உறுதி கொள்கிறாள். ஆல்ஜரின் சிறுவன் கணக்கறைக்குள் புகுந்தான். மரப்பெட்டியிலே படுத்திருந்த மற்றச் சிறுவரை யார் நினைத்தார்? எஸ்பெரான்சா நினைக்கிறாள்.

ஒருவன் தப்பினான் என்ற கதை நமக்கு இனிக்கத்தான் செய்யும். ஆனால் அக்கதையைப் படித்து முடிக்கும்போதெல்லாம், எஞ்சியோர் எத்தனை பேர் என்று கேட்கப் பழகுவோம். கேட்டவர்கள் இருந்ததால்தான் இருண்ட அறைக்குச் சாளரம் வந்தது. ஆலைக்குப் போன பிள்ளைக்குச் சட்டத்தின் காவல் வந்தது. ஆற்றிலே எந்தக் குழந்தையும் விழாமலே மரப்பெட்டிச் சிறுவனுக்கு வீடு கிடைக்க வேண்டும். அதற்கு வேண்டியது அதிர்ஷ்டம் அன்று, நீதி.