கிரேக்கச் சமயத்தில் விண்ணும் ஞாயிறும்: ஹீலியோஸ் வழிபாட்டின் வரலாறு

முன்னுரை

கிரேக்கரின் ஞாயிற்றுக் கடவுள் யார் என்று வினவினால், நம் மாணவருள் பலர் அப்பல்லோ என்றே விடை கூறுவர். பொது அறிவு நூல்கள் பலவும் அவ்வாறே எழுதிச் செல்கின்றன. அவ்விடை முற்றிலும் பிழையன்று. ஆயின், ஆயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட ஒரு வரலாற்றின் முடிவை அதன் தொடக்கமாக வைத்துக் கூறுவதாக அது அமைந்துவிடுகிறது. ஹோமரின் இலியத்தில் அப்பல்லோ வில்லேந்திய தெய்வம்; கொள்ளைநோயை அம்பாக எய்பவன். அக்காப்பியத்தின் முதற்பகுதியில் அவன் சினங்கொண்டு ஒலிம்பசு மலையினின்று இறங்கி வருங்கால், புலவர் அவனுக்கு உவமையாகக் காட்டுவது இரவையே ஆகும். ஞாயிறாகக் கருதப்பட்ட ஒருவனை இரவோடு ஒப்பிடப் புலவர் எவரும் துணியார். ஹோமர் காலத்தில் ஞாயிறு வேறொரு தெய்வம். அவன் பெயர் ஹீலியோஸ்.

நாள்தோறும் கண்ணெதிரே தோன்றும் அந்த ஹீலியோசுக்குக் கிரேக்க நகரங்கள் ஏன் இத்துணைக் குறைவாகக் கோயில் எடுத்தன? அவ்வாறு ஒதுங்கி நின்ற தெய்வம் பின்னாளில் உரோமப் பேரரசின் காவல் தெய்வமாக உயர்ந்தது எவ்வாறு? இவ்விரு வினாக்களையே நாம் இக்கட்டுரையில் ஆராய முற்படுகிறோம்.

விண்ணின் தெய்வங்கள்

கி.மு. 700 அளவில் வாழ்ந்த ஹெசியோட் தம் ‘தியோகோனி’ என்னும் நூலில் தெய்வங்களின் தலைமுறைகளை வரிசைப்படுத்துகிறார். முதலில் நிலமகள் கையா. அவள் ஈன்ற விண், ஊரனோஸ். அவ்விருவரின் மகனான குரோனோஸ் அரிவாளால் தந்தையின் ஆண்மையை அறுத்து ஆட்சியைப் பற்றுகிறான். குரோனோசை அவன் மகன் ஜீயஸ் வெல்கிறான். ஊரனோஸ் இக்கதைக்கு இன்றியமையாதவன். ஆயினும் வழிபாட்டில் அவனுக்கு இடம் இல்லை எனும் அளவுக்கு அவன் மங்கிவிட்டான். அவன் பெயரை வேத வருணனோடு இணைத்துப் பத்தொன்பதாம் நூற்றாண்டு அறிஞர் எழுதினர். ஒலியியல் விதிகள் அதற்கு இடந்தாராமையால் இன்று பெரும்பாலோர் அவ்விணைப்பை ஏற்பதில்லை.

ஐயத்திற்கு இடமின்றி நிறுவப்பட்ட உறவு ஜீயசுக்கே உரியது. ஜீயஸ், இருக்கு வேதத்தின் ‘த்யௌஸ் பிதர்’, உரோமரின் ‘யூப்பிட்டர்’ ஆகிய மூன்றும் ஒளிரும் பகல்வானைக் குறிக்கும் ஒரே வேர்ச்சொல்லினின்று பிறந்தவை. இங்கு வியப்பிற்குரிய செய்தி ஒன்று உண்டு. இருக்கு வேதத்தில் த்யௌசுக்கெனத் தனிச்சூக்தம் ஒன்றேனும் இல்லை. நிலத்தோடு சேர்த்தே அவன் போற்றப்படுகிறான். கிரேக்கத்திலோ அதே வான்தந்தை தேவர்க்கெல்லாம் வேந்தனானான். ஹீலியோஸ் என்னும் பெயரும் வடமொழிச் ‘சூரிய’, இலத்தீன் ‘சோல்’ என்பவற்றோடு ஒருவேர்க் கிளையே. வைகறைத் தேவி ஈயோஸ், வேதத்து உஷஸ் என்பாளின் உறவினள். சொற்கள் ஒரு குடும்பத்தினவாயினும், சொல்லுக்குரிய தெய்வங்களின் செல்வாக்கு நாட்டுக்கு நாடு வேறுபட்டது. இதனை மறந்து, புராணம் அனைத்தையும் ஞாயிற்றின் உதயமும் மறைவுமாகவே மாக்ஸ் முல்லர் விளக்க முனைந்தார். அவ்விளக்கம் அவர் காலத்திலேயே எள்ளலுக்கு உள்ளானது.

பங்கு பெறாத தெய்வம்

ஹெசியோட் கூறும் முறைப்படி ஹீலியோஸ், தைத்தானியர் மரபினரான ஹைப்பீரியோனுக்கும் தேயாவுக்கும் பிறந்தவன். திங்களாகிய செலீனியும் வைகறையாகிய ஈயோசும் அவன் உடன்பிறந்தோர். எல்லாவற்றையும் காண்பவன், கேட்பவன் என்பதே அவனது சிறப்பு. எனவே சூளுரைப்போர் அவனைச் சான்றாக அழைத்தனர். அப்ரோதித்தி மறைவில் ஏரீசைக் கூடியதைக் கண்டு அவள் கணவன் ஹெப்பைசுடோசுக்கு அறிவித்தவனும் அவனே. அவன் காண்பான், கண்டதைச் சொல்வான், ஆனால் தண்டிக்கும் ஆற்றல் அவனிடம் இல்லை.

ஒதிசியின் பன்னிரண்டாம் பகுதி இதனைத் தெளிவாகக் காட்டுகிறது. திரினாக்கியா தீவில் ஹீலியோசுக்கு ஏழு மாட்டு மந்தைகளும் ஏழு ஆட்டு மந்தைகளும் இருந்தன. மந்தைக்கு 50 உருப்படிகள். மாடு 350, ஆடு 350 என்னும் இக்கணக்கு ஓராண்டின் பகல்களையும் இரவுகளையும் குறிப்பதாகப் பழைய உரையாளர் கருதினர். பசி தாளாத ஒதிசியசின் தோழர் அம்மாடுகளைக் கொன்று தின்றனர். ஹீலியோஸ் அவர்களை எரித்தானல்லன். ஜீயசிடம் சென்று முறையிட்டான். நீதி கிடைக்காவிடில் கீழுலகு சென்று இறந்தோர்க்கு ஒளி தருவேன் என அச்சுறுத்தினான். இடியால் மரக்கலத்தைப் பிளந்தவன் ஜீயஸே. உலகுக்கெல்லாம் ஒளி தருபவன் வான்வேந்தனின் முன் முறையிட்டு நிற்கும் இக்காட்சியில், விண்ணுக்கும் ஞாயிற்றுக்கும் கிரேக்கர் வகுத்த எல்லை புலனாகிறது.

வழிபாட்டிலும் அதே நிலை. ஞாயிறு எழும்போதும் மறையும்போதும் மக்கள் வணங்கியதைப் பிளேட்டோவின் ‘சட்டங்கள்’ குறிப்பிடுகிறது. ஆனால் வணக்கம் வேறு, பலியும் பூசகரும் விழாவும் உடைய நகர வழிபாடு வேறு. கி.மு. 421இல் மேடையேறிய அரிசுடோபனீசின் ‘அமைதி’ என்னும் நகைச்சுவை நாடகத்தில், ஞாயிறும் திங்களும் கிரேக்க நாட்டைப் பிறநாட்டாரிடம் காட்டிக்கொடுக்கச் சூழ்ச்சி செய்வதாக ஒரு பாத்திரம் கூறுகிறது. காரணம் கேட்டபோது, நாம் மற்றத் தேவர்க்குப் பலியிடுகிறோம், பிறநாட்டாரே அவ்விருவர்க்கும் பலியிடுகின்றனர் என்று விடை வருகிறது. நகைச்சுவையே எனினும், அவையோர் அறிந்த உண்மை ஒன்று இல்லாவிடில் அங்குச் சிரிப்பு எழாது. பாரசீகர் ஞாயிற்றுக்குப் பலியிடுவர் என ஹெரோதோத்தசும் எழுதியுள்ளார்.

இதற்குக் காரணம் யாது? நாம் கருதுவது இது. கிரேக்க உழவர் நம்பி வாழ்ந்தது மழையை. மழை பொய்க்கும், எனவே அதனைத் தருபவனை வேண்ட வேண்டியிருந்தது. ‘மழை பெய்கிறது’ என்பதைக் கிரேக்கர் ‘ஜீயஸ் பொழிகிறான்’ என்றே கூறினர். ஞாயிறோ பலியிடினும் இடாவிடினும் வருபவன். தவறாது வருபவனிடம் வேண்டுதற்கு ஒன்றுமில்லை.

இந்நிலைக்குப் பெரும் விலக்காக விளங்கியது உரோட்சுத் தீவு. கி.மு. 464இல் ஒலிம்பிய வெற்றி பெற்ற தியாகோராசு என்னும் உரோட்சுக் குத்துச்சண்டை வீரனைப் போற்றிப் பிண்டார் பாடிய பாடலில் அத்தீவின் பிறப்புக் கதை இடம்பெறுகிறது. தேவர்கள் உலகைப் பங்கிட்டுக்கொண்டபோது ஹீலியோஸ் அங்கு இல்லை. அவனுக்குப் பங்கு வைக்க மறந்தனர். ஜீயஸ் மீண்டும் சீட்டுக் குலுக்க முன்வந்தான். ஹீலியோஸ் அதனை ஏற்கவில்லை. கடலடியில் வளர்ந்துவரும் நிலமொன்றைத் தான் கண்டதாகவும், அது மேலெழுந்தால் தனக்கே உரியதாதல் வேண்டும் என்றும் கேட்டான். அந்நிலமே உரோட்சு. ஏனைய நகரங்களில் ஹீலியோசுக்குப் பங்கில்லாமையை இக்கதை மறைக்கவில்லை. அக்குறையையே தம் தீவின் பெருமையாக உரோட்சு மக்கள் மாற்றிக்கொண்டனர்.

கி.மு. 408இல் தீவின் மூன்று பழைய நகரங்கள் இணைந்து புதிய தலைநகரை எழுப்பியபின், நாணயங்களில் ஹீலியோசின் முகமும் மறுபுறத்தில் ரோசா மலரும் பொறிக்கப்பட்டன. ஆண்டுதோறும் நான்கு குதிரைகள் பூட்டிய தேரைக் கடலில் தள்ளி அவனுக்குப் படைத்தனர். கி.மு. 305-304இல் தெமெத்திரியசு மேற்கொண்ட முற்றுகை தோல்வியுற்றபின், அவன் விட்டுச்சென்ற போர்ப்பொறிகளை விற்ற 300 தாலந்துப் பணத்தில் ஹீலியோசின் வெண்கலப் பேருருவம் வார்க்கப்பட்டது. லிண்டோசு ஊரினரான கேரீசு என்னும் சிற்பி 12 ஆண்டுகள் உழைத்து 70 முழ உயரத்தில் அதனை நிறுவினார். இரு கால்களையும் துறைமுக வாயிலின் இருபுறமும் ஊன்றி நின்றதாக ஓவியங்கள் காட்டுவது பிற்காலக் கற்பனை. கி.மு. 226 அளவில் நேர்ந்த நிலநடுக்கத்தில் அது முழங்காலில் முறிந்து வீழ்ந்தது. வீழ்ந்து கிடந்த உருவத்தின் கட்டைவிரலைக் கையால் வளைத்துத் தழுவக்கூடியோர் சிலரே என்று பிளினி எழுதுகிறார்.

கல்லா, கடவுளா?

ஞாயிற்றை உயர்த்தியவர்கள் பூசகரல்லர், மெய்யியலாளரும் வானியலாளருமே. வியப்பு என்னவெனில், முதலில் அவனைத் தாழ்த்தியவர்களும் அவர்களே. கி.மு. ஐந்தாம் நூற்றாண்டில் ஏதென்சில் வாழ்ந்த அனக்சகோராசு, ஞாயிறு பெலொப்பொனீசு நிலப்பகுதியினும் பெரியதான எரியும் பாறை என்றார். அதற்காகக் குற்றம் சாட்டப்பட்டார். கி.மு. 399இல் சாக்கிரட்டீசின் வழக்கிலும் இதே குற்றச்சாட்டு எழுந்தது. நீர் குற்றம் சாட்டுவது அனக்சகோராசை அன்றோ என்று சாக்கிரட்டீசு மறுத்துரைத்ததைப் பிளேட்டோ பதிவு செய்துள்ளார். நகரம் பலியிடாத தெய்வத்தை மறுத்தமைக்காக அந்நகரமே வழக்குத் தொடுத்த முரணை நாம் எண்ணிப்பார்க்க வேண்டும்.

பிளேட்டோ தம் ‘குடியரசு’ நூலில் நன்மை என்னும் உயர்பொருளுக்கு ஞாயிற்றை ஒப்புமை காட்டினார். ‘சட்டங்கள்’ நூலில் அப்பல்லோவுக்கும் ஹீலியோசுக்கும் பொதுவான வழிபாட்டிடம் ஒன்றையும் வகுத்தார். இருவரும் ஒருவரே என்னும் கருத்து அதற்கு முன்பே யூரிப்பிடீசின் ‘ஃபேத்தோன்’ நாடகத்தில் தலைகாட்டுகிறது. தந்தை ஹீலியோசின் தேரைச் செலுத்த முயன்று, குதிரைகளை அடக்க இயலாது, இடியால் வீழ்த்தப்பட்ட இளைஞனே ஃபேத்தோன். மகனைக் காக்கத் தந்தையால் இயலவில்லை. இடி இங்கும் ஜீயசுக்கே உரியது. ஸ்தோயிக்கரான கிளியாந்தீசு, அண்டத்தை ஆளும் பகுதி ஞாயிறே என்று கற்பித்தார்.

கோள்களின் வரிசையும் இவ்வுயர்வுக்குத் துணைநின்றது. புவிக்குத் தொலைவினின்று அண்மைக்கு வரும் முறையில் சனி, வியாழன், செவ்வாய், ஞாயிறு, வெள்ளி, புதன், திங்கள் எனக் கணித்தபோது, ஞாயிறு ஏழனுள் நடுவிடம் பெற்றது; இருபுறமும் மும்மூன்று கோள்கள் சூழ வேந்தன்போல் வீற்றிருந்தது. இவ்வரிசையில் நாளின் ஒவ்வொரு மணிக்கும் ஒரு கோளை உரியதாக்கினால், சனியில் தொடங்கும் நாளின் 24 மணி கழிந்து 25ஆம் மணி ஞாயிற்றுக்கு உரியதாகிறது. அதுவே மறுநாளின் பெயர். நாம் இன்று வழங்கும் கிழமைகளின் வரிசை இக்கணக்கின் விளைவே. கிரேக்கச் சோதிடத்தோடு இது இந்தியாவுக்கு வந்தது. ‘ஹோரா’ என்னும் சொல்லும் கிரேக்கமே. கிழமை குறித்த இந்தியக் கல்வெட்டுகளுள் பழையது கி.பி. 484ஆம் ஆண்டைச் சேர்ந்த ஏரண் கல்வெட்டு.

பேரரசின் ஞாயிறு

அலெக்சாந்தருக்குப் பின் ஹீலியோசின் உருவம் கிழக்கே நெடுந்தொலைவு சென்றது. பாக்திரிய மன்னன் பிளாட்டோவின் நாணயத்தில் நான்கு குதிரைத் தேரில் அவன் தோன்றுகிறான். குசாணப் பேரரசன் கனிட்கரின் தொடக்க கால நாணயங்களில் கிரேக்க மொழியில் ‘ஹீலியோஸ்’ என்ற பெயர் காணப்படுகிறது. சிறிது காலத்திற்குள் உருவம் அவ்வாறே நிற்க, பெயர் மட்டும் ‘மீரோ’ என மாறியது. அது ஈரானிய மித்திரனின் பெயர். சிற்பியின் அச்சு ஒன்று, தெய்வம் வேறு.

மேற்கே, உரோமப் பேரரசன் அவுரேலியன் கி.பி. 274இல் ‘வெல்லப்படாத ஞாயிறு’ என்னும் தெய்வத்திற்கு உரோம் நகரில் பெருங்கோயில் எடுத்தான். பல இனத்தார் வாழ்ந்த பேரரசில் எல்லார்க்கும் பொதுவாகத் தோன்றும் தெய்வம் ஞாயிறு ஒன்றே. கிரேக்க நகரங்கள் அவனைப் புறக்கணிக்கக் காரணமாயிருந்த அந்தப் பொதுமையே பேரரசனுக்குப் பயன்பட்டது என்பது நம் கருத்து. கான்சுடன்டைன் கிறித்தவத்தை ஆதரித்தபின்னும் ஏறத்தாழ 325 வரை அவன் நாணயங்களில் ஞாயிறு துணைவனாகத் தோன்றியது. ஞாயிற்றுக்கிழமையை ஓய்வுநாளாக்கிய 321ஆம் ஆண்டுச் சட்டம் ‘ஞாயிற்றின் நாள்’ என்றே அதனைக் குறித்தது. உழவர்க்கு அச்சட்டம் விலக்களித்தது.

கான்சுடன்டைனின் மரபில் வந்த யூலியன் பழைய சமயத்தை மீட்க முனைந்து, 362ஆம் ஆண்டு டிசம்பரில் அந்தியோக்கியாவில் ‘வேந்தன் ஹீலியோஸ்’ என்னும் புகழுரையை இயற்றினான். இளமையிலேயே அத்தெய்வத்தின் கதிர்கள்பால் தனக்கு எழுந்த ஏக்கத்தை அதில் அவன் பதிவு செய்துள்ளான். அவ்வுரையில் ஜீயசும் ஹீலியோசும் அப்பல்லோவும் வேறல்லர். ஒருகாலத்தில் முறையீட்டோடு நின்றவன் இங்கு அரியணையிலேயே அமர்கிறான். அடுத்த ஆண்டே பாரசீகப் போரில் யூலியன் மாண்டான்.

வழிபாடு ஒழிந்தபின்னும் உருவம் ஒழியவில்லை. உரோமில் புனித பேதுரு பேராலயத்தின் அடியிலுள்ள கல்லறை ஒன்றில், கதிர்முடியுடன் தேரேறிய கிறித்துவாகப் பெரும்பாலோர் கொள்ளும் மூன்றாம் நூற்றாண்டு மொசைக்கு உள்ளது. அதனினும் நம்மை எண்ணவைப்பவை கலிலேயாப் பகுதியின் யூதத் தொழுகைக் கூடங்கள். நான்காம் நூற்றாண்டின் ஹம்மத் திபேரியாவிலும் ஆறாம் நூற்றாண்டின் பெத் அல்பாவிலும் பன்னிரு இராசிகளின் நடுவே தேரேறிய ஹீலியோஸ் தரையில் பதிக்கப்பட்டுள்ளான். உருவ வணக்கத்தைக் கடிந்த மக்கள் தம் தொழுகைக் கூடத்திலேயே இவ்வுருவத்தை வைத்தது ஏன் என்பது பற்றி அறிஞரிடையே இன்றும் ஒத்த கருத்து இல்லை. ஆண்டின் சுழற்சியைக் காட்டும் நாட்காட்டிக் குறியாக அது மாறிவிட்டது என்போர் கூற்றே நமக்குப் பொருத்தமாகத் தோன்றுகிறது.

அறிவியலில் எஞ்சிய பெயர்

திங்களுக்கு மனிதரை அனுப்பிய அமெரிக்கத் திட்டத்திற்கு 1960இல் அப்பல்லோ எனப் பெயர் சூட்டிய ஏப் சில்வர்சுடைன், ஞாயிற்றின் குறுக்கே தேரூரும் தெய்வமாகவே அப்பல்லோவை எண்ணியதாகக் கூறினார். அத்தேர் ஹீலியோசுக்கு உரியது. ஹீலியோசுக்கு அறிவியல் அளித்த பங்கு வேறு. 1868 ஆகத்து 18ஆம் நாள் நிகழ்ந்த முழு ஞாயிற்று மறைப்பைக் காண ஐரோப்பிய அறிஞர் பலர் இந்தியா வந்தனர். பிரெஞ்சு அறிஞர் ஜான்சன் அன்றைய சென்னை மாகாணத்துக் குண்டூரில் ஆய்வு நிகழ்த்தினார். ஞாயிற்றின் விளிம்பொளியில் தோன்றிய மஞ்சள் நிறக் கோட்டை அவ்வாண்டின் அக்டோபரில் ஆங்கில அறிஞர் லாக்யர் ஆராய்ந்து, அது புவியில் அறியப்படாத தனிமம் ஒன்றற்குரியது எனும் முடிவுக்கு வந்தார். ஞாயிற்றில் மட்டுமே காணப்பட்டமையால் அதற்கு ‘ஹீலியம்’ என்று பெயர் வந்தது. உலோகங்களுக்குரிய ‘இயம்’ என்னும் ஈற்றைச் சேர்த்தமைக்குக் காரணம், அதனை உலோகம் எனக் கருதியதே. 1895இல் இராம்சே அதனைப் புவியிலேயே கண்டெடுத்தார். அது வளிமம் என்பது தெளிவாயிற்று. பெயரை எவரும் மாற்றவில்லை.